டயர் கடை மாடியில் பாடியவள்

ஜூன் 9

சின்னவளுக்கு,

உன் போன் நம்பர் மாறிவிட்டது. புது நம்பரை எடுப்பவர் உன் மேனேஜர். மூன்று முறை கூப்பிட்டேன். மூன்று முறையும் "மேடம் ஷாட்ல இருக்காங்க" என்றார். அதனால் எழுதுகிறேன்.

நான் நன்றாக இருக்கிறேன். சாப்பிடுகிறேன். நாலு கிலோ குறைந்து அதில் ஒன்றரை கிலோ திரும்ப வந்துவிட்டது. அத்தை போன வாரம் வந்து உன் அக்காவுடைய துணிகளை மடித்துப் பெட்டியில் வைத்துவிட்டுப் போனார். அலமாரியில் பாதி காலியாக இருக்கிறது. என் சட்டைகளை அந்தப் பக்கம் மாற்ற வேண்டும். இன்னும் மாற்றவில்லை.

விஷயத்துக்கு வருகிறேன். நான் காது மெஷின் பொருத்துகிறவன் என்று உனக்குத் தெரியும். எப்படிப் பொருத்துவேன் என்று தெரியாது. வருகிறவரைக் கண்ணாடி அறைக்குள் உட்கார வைத்து, ஹெட்போன் மாட்டி, ரெக்கார்டு செய்த வார்த்தைகளை ஒவ்வொன்றாகப் போடுவேன். சத்தத்தைக் குறைத்துக்கொண்டே போவேன். கேட்டதை அவர் திருப்பிச் சொல்ல வேண்டும். 'சாவி' போட்டால் 'தாவி' என்று சொல்பவருக்கு எந்த இடத்தில் காது போயிருக்கிறது என்று தெரிந்துவிடும். கம்பெனி கொடுத்த ரெக்கார்டிங்கில் ஓர் ஆள் தீர்ப்பு வாசிப்பதுபோல வாசிப்பார். வயதானவர்கள் மிரண்டுபோய் எல்லாவற்றுக்கும் தலையாட்டுவார்கள். அதனால் மூன்று வருடத்துக்கு முன்னால் உன் அக்காவைக் கூட்டிப்போய் ஐம்பது வார்த்தைகள் பேச வைத்தேன். சாவி, சட்டை, சீப்பு, மாடி, பூட்டு. அன்றிலிருந்து எல்லோருக்கும் அவள் குரலில்தான் பரிசோதனை. அவள் போய் ஏழு மாதம் ஆகிறது. எங்கள் கிளினிக் டாக்டர் ஒருநாள், "வேற குரல் மாத்திக்கலாமேப்பா" என்றார். மாற்றினால் பழைய அளவுகளோடு ஒப்பிட முடியாது என்று சொன்னேன். அது உண்மைதான். ஆக, ஒருநாளைக்கு எட்டு பேருக்கு அவள் சாவி, சட்டை, சீப்பு சொல்கிறாள்.

போன செவ்வாய்க்கிழமை ஒருவர் வந்தார். ரயில் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவர். முப்பத்திரண்டு வருட இன்ஜின் சத்தம் காதைத் தின்றுவிட்டது. ஆறாவது வார்த்தையில் திருப்பிச் சொல்வதை நிறுத்திவிட்டுச் சிரித்தார்.

"என்ன சார்?"

"இந்தப் பொண்ணு பாட்டுப் பாடுற பொண்ணாச்சே. இதைப் போய் சாவி சீப்புன்னு சொல்ல வெச்சிருக்கீங்க."

"யாரு பாடுறாங்க?"

"அதான்பா, மெத்தை விளம்பரத்துல வருமே, அந்தப் பொண்ணு. சொந்தக் குரல்ல பாடுச்சுன்னு ரேடியோவுல தினம் சொல்றானே. நான் காதோட ஒட்டி வெச்சுல்ல கேக்குறேன்."

அவர் படம் பார்ப்பதில்லை. உன் முகம் அவருக்குத் தெரியாது. உன் பாட்டு மட்டும்தான் தெரியும்.

அன்று சாயங்காலம் உன் பாட்டைப் போட்டுக் கேட்டேன். எனக்கு ஒன்றும் புரியவில்லை. பாட்டுக் கேட்கிற பழக்கம் எனக்குக் கிடையாது. பிறகு கம்ப்யூட்டரில் ஏற்றி, அந்த ஐம்பது வார்த்தைகளுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன்.

அது அவளா?

இன்னொன்றும் கேட்க வேண்டும். அவள் இறந்த அன்றைக்குப் பல் டாக்டரிடம் போவதாகச் சொல்லிவிட்டுக் கிளம்பினாள். மயங்கி விழுந்தது ஊரின் இன்னொரு மூலையில், ஒரு டயர் கடை வாசலில். ஆஸ்பத்திரி வராந்தாவில் உன்னிடம் கேட்டேன், "அங்க எதுக்குப் போனா?" என்று. நீ என் கையைப் பிடித்துக்கொண்டு, "எனக்கும் தெரியல அத்தான்" என்றாய். அதற்குப் பிறகு அந்தத் தெருவுக்குப் பதினொரு முறை போயிருக்கிறேன். டயர் கடைக்காரரை ஒரு மாதம் சந்தேகப்பட்டேன். அவருக்கு அறுபது வயது, அவள் தலையை மடியில் தாங்கிப் பிடித்துக்கொண்டு இருந்தவர். அவரையே சந்தேகப்பட்டேன் என்றால் என் நிலைமையைப் பார்த்துக்கொள்.

பதில் எழுது.

அத்தான்

ஜூன் 17

மீட்டர் அத்தானுக்கு,

கோபப்படாதீர்கள், இந்தப் பெயர் அக்கா வைத்தது. உங்கள் கடிதத்தை நாலு தடவை படித்தேன். முதல் தடவை அழுதேன். இரண்டாவது தடவை பயந்தேன், உங்களுக்கு உடம்புக்கு ஏதோ ஆகிவிட்டதோ என்று. மூன்றாவது தடவை கோபம் வந்தது. நாலாவது தடவை மேக்கப் போட்டுவிடுகிற அக்கா வந்து பிடுங்கி வைத்துவிட்டார், கண் வீங்கினால் அவருக்குத்தான் திட்டு.

அத்தான், எங்கள் இரண்டு பேருக்கும் ஒரே குரல். ஊருக்கே தெரியும். போன் எடுத்தால் அம்மாவே குழம்புவார். கல்யாணத்துக்கு முன்னால் ஒருநாள் அக்கா என்று நினைத்து நீங்கள் என்னிடம் ஐந்து நிமிடம் வழிந்தீர்கள், ஞாபகம் இருக்கிறதா? ஒரு கிழவருக்குக் காது கேட்காது. அவர் சொன்னதை வைத்துக்கொண்டு கம்ப்யூட்டரைத் திறந்து உட்கார்ந்திருக்கிறீர்கள்.

நான் எங்கிருந்து வந்தேன் என்று உங்களுக்குத் தெரியும். பதினெட்டு வயதில் மெத்தை விளம்பரம். இரண்டு வருடம் ஊர் முழுக்கப் பெரிய பெரிய பலகைகளில் தூங்கிக்கொண்டிருந்தேன். பஸ்ஸில் போனால், "ஏய், மெத்தைப் பொண்ணு முழிச்சிட்டுருக்குடா" என்பார்கள். படத்துக்கு வந்தேன். மூன்று படத்திலும் எனக்கு வேறு யாரோ பேசினார்கள். "வாய் அசையுது, ஆள் இல்ல" என்று எழுதினார்கள். என்னிடம் முகம் தவிர எதுவுமே இல்லை என்று முடிவே கட்டிவிட்டார்கள். அப்புறம்தான் இந்தப் படம். நானே நடித்து, நானே பேசி, நானே பாடினேன். இப்போது எழுதுகிறவர்கள் நடிகை, பாடகி என்று சேர்த்து எழுதுகிறார்கள். ஆகஸ்ட் இரண்டாம் தேதி விழா. பாட்டுக்கு எனக்கு விருது. இந்த நேரத்தில் உங்கள் கடிதம்.

டயர் கடை விஷயம் எனக்குத் தெரியாது. அப்போதும் தெரியாது, இப்போதும் தெரியாது. அக்காவுக்கு ஏதாவது சாமான் வாங்க வேண்டியிருந்திருக்கும். இதையே நினைத்துக்கொண்டிருந்தால் பைத்தியம் பிடித்துவிடும். பத்து நாள் லீவு போடுங்கள். கடற்கரை வீடு ஒன்று இருக்கிறது, மேனேஜரிடம் சொல்லி ஏற்பாடு செய்கிறேன்.

அந்தக் கிளினிக்கில் அக்கா குரலைப் போடுவதை நிறுத்துங்கள் அத்தான். கேட்கவே என்னவோபோல இருக்கிறது.

உங்கள் சின்னவள்

ஜூன் 22

சின்னவளுக்கு,

கடற்கரை வீடு வேண்டாம்.

ஒரே குரல் என்று எழுதியிருந்தாய். சரி. உங்கள் இரண்டு பேருக்கும் முன்பல் நடுவில் ஒரே மாதிரி இடைவெளி இருந்தது. 'ச' வரும்போது அந்தச் சந்தில் காற்று போய், மெல்லிய விசில் ஒன்று சேர்ந்து வரும். காதுக்குச் சரியாகப் பிடிபடாது, திரையில் போட்டால் மேலே தனிக்கோடாகத் தெரியும். உனக்குப் பதினெட்டு வயதில் மெத்தைக் கம்பெனிக்காரர்கள் பல்லைச் சரி செய்தார்கள். அன்று உன் அக்கா, "இனிமே போன்ல அம்மா நம்மளைக் கண்டுபிடிச்சிடுவாங்க" என்று சொன்னாளாம். அவளே என்னிடம் சொல்லிச் சிரித்தாள்.

உன் பேட்டி ஒன்றை எடுத்தேன். பன்னிரண்டு நிமிடம். அறுபத்தி நாலு இடத்தில் 'ச' வருகிறது. ஒன்றில்கூட அந்தக் கோடு இல்லை. உன் படத்தின் ஏழு பாட்டுகளிலும் எண்பத்தொன்பது இடத்தில் வருகிறது. எண்பத்தொன்பதிலும் இருக்கிறது. அவள் சொன்ன சாவி, சட்டை, சீப்பிலும் அதே இடத்தில் இருக்கிறது.

இதை எழுதும்போதுதான் ஒன்று தோன்றியது. ஆறு மாதம் பல் இடைவெளியை அடைக்கப் போகிறேன் என்று வாரம் ஒருமுறை டாக்டரிடம் போய்க்கொண்டிருந்தாள். இடைவெளி அப்படியே இருந்தது. தினமும் எதிரில் உட்கார்ந்து சாப்பிட்டேன். நான் கவனிக்கவில்லை.

எனக்கு வேண்டியது ஒன்றுதான். அவள் பெயர். பாடியவர் என்கிற இடத்தில் அவள் பெயர் வர வேண்டும். படத்திலும், ரேடியோவிலும், எல்லா இடத்திலும். விழாவுக்கு முன்னால் நீயே சொல்லிவிடு. சொல்லவில்லை என்றால் பேட்டியையும் பாட்டையும் அவள் வார்த்தைகளையும் சேர்த்துப் பத்திரிகைக்கு அனுப்புவேன். உன்மேல் கோபத்தில் எழுதவில்லை. எனக்கு இப்போது கோபம்கூட ஒழுங்காக வருவதில்லை.

டயர் கடைக்கு மேலே என்ன இருக்கிறது? இரண்டாவது மாடி ஜன்னல்கள் எல்லாம் உள்ளிருந்து அடைக்கப்பட்டிருக்கின்றன. போர்டு இல்லை. நேற்று பன்னிரண்டாவது முறையாகப் போனபோதுதான் தலையைத் தூக்கிப் பார்த்தேன்.

அத்தான்

ஜூலை 1

அத்தான்,

ஸ்டுடியோ. டயர் கடைக்கு மேலே ஒரு ரெக்கார்டிங் ஸ்டுடியோ இருக்கிறது. போர்டு வைக்க மாட்டார்கள், கூட்டம் சேரும் என்று.

எட்டு நாளாக எழுதிக் கிழித்துக்கொண்டிருக்கிறேன். இதைக் கிழிக்காமல் அனுப்பிவிடுகிறேன்.

ஹீரோயினே பாடுகிறாள் என்று சொல்லித்தான் இந்தப் படத்தையே விற்றார்கள். நானும் சின்ன வயதில் பாடியிருக்கிறேனே என்று தலையாட்டிவிட்டேன். மைக் முன்னால் நாலு மணி நேரம் நின்றேன். இசையமைப்பாளர் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு டீ குடிக்கப் போனார். திரும்பி வரவே இல்லை. அக்கா எனக்குச் சாப்பாடு கொண்டுவந்திருந்தாள். நான் அழுகிறேன் என்று பக்கத்தில் நின்று, "இப்படிப் பாடுடி, பயப்படாத" என்று பாடிக் காட்டினாள். உள்ளே உட்கார்ந்திருந்த ரெக்கார்டிங்காரர் பட்டனை அமுக்கிவிட்டார். அதுதான் முதல் பாட்டு. ஒரே டேக்.

அப்புறம் வாரம் ஒருநாள். நீங்கள் கிளினிக் போனதும் கிளம்பி வருவாள். பல் டாக்டர் கதை நான் யோசித்தது இல்லை, அவளே யோசித்தது. ஏழு பாட்டு முடிந்தது. எட்டாவது அடுத்த படத்துக்கு. அன்றைக்குப் பாதியில் தலை வலிக்கிறது, கீழே போய்க் காற்று வாங்கிவிட்டு வருகிறேன் என்று இறங்கினாளாம். நான் அங்கே இல்லை, ஷூட்டிங்கில் இருந்தேன். ஸ்டுடியோவிலிருந்துதான் எனக்குப் போன் வந்தது. ஆஸ்பத்திரியில் நீங்கள் கேட்டபோது என் பக்கத்தில் மேனேஜர் நின்றுகொண்டிருந்தார். பொய் சொல்ல வேண்டும் என்று யோசித்துச் சொல்லவில்லை அத்தான். வாயில் வந்துவிட்டது. ஒருமுறை வந்த பொய்யைத் திரும்ப உள்ளே தள்ள முடியவில்லை.

என்னைத் திருடி என்று நினைப்பீர்கள். நினையுங்கள். ஆனால் அவள் பெயரைப் போடலாம் என்று நான் முதல் பாட்டிலேயே கேட்டேன். நம்ப மாட்டீர்கள், அதனால் ஒரு தாளின் நகலை இத்துடன் வைத்திருக்கிறேன். ஸ்டுடியோவில் கையெழுத்து வாங்குகிற தாள். அடியில் அவள் கையாலேயே எழுதியிருப்பதைப் பாருங்கள். "என் பெயர் எங்கேயும் வரக் கூடாது. என் கணவருக்குத் தெரியக் கூடாது."

ஏன்டி இப்படி எழுதுற, அத்தான் சந்தோஷப்படுவாரே என்று கேட்டேன். அவள் சொன்னது வார்த்தை மாறாமல் எழுதுகிறேன்.

"கல்யாணம் ஆன புதுசுல ஒருநாள் பாத்திரம் கழுவிட்டே பாடினேன். அவரு ரெக்கார்டு பண்ணி, கம்ப்யூட்டரைத் திருப்பிக் காட்டினாரு. என் பாட்டு அதுல ஒரு கோடுடி. கோணல் மாணலா. எங்கெங்க தப்புன்னு சிவப்புல புள்ளி வெச்சிருந்தாரு. அவரு ஆசையாத்தான் காட்டினாரு. ஆனா அதுக்கப்புறம் வாயைத் திறந்தா எனக்கு அந்தச் சிவப்புப் புள்ளிதான் தெரியுது. இங்க யாரும் எனக்குப் படம் போட்டுக் காட்டல. இது மட்டும் அவருக்குத் தெரியாம எனக்கே இருக்கட்டும்."

இதைச் சொல்லாமல் இருந்திருப்பேன். நீங்கள்தான் எண்பத்தொன்பது, அறுபத்தி நாலு என்று எண்ணி என் கழுத்தில் கத்தி வைத்தீர்கள்.

விழா முடியட்டும். ஒரே ஒரு தடவை அந்த மேடையில் ஏறி இறங்கிவிடுகிறேன். அப்புறம் நானே சொல்கிறேன். கெஞ்சிக் கேட்கிறேன்.

சின்னவள்

ஜூலை 6

சின்னவளுக்கு,

தாள் வந்தது. அவள் எழுத்துதான்.

அந்தச் சாயங்காலம் எனக்கும் நினைவிருக்கிறது. நான் நினைத்துக்கொண்டிருந்தது வேறு மாதிரி. எங்களுக்குக் கல்யாணமாகி நாற்பது நாள். அவள் சமையலறையில் பாடிக்கொண்டிருந்தாள். எனக்கு மிகவும் பிடித்தது. பிடித்திருக்கிறது என்று சொல்ல எனக்கு வார்த்தை வராது. எனக்குத் தெரிந்தது ஒன்றுதான், பிடித்ததை அளந்து பார்ப்பது. ரெக்கார்டு செய்து, ஒவ்வொரு சுரமும் எங்கே நிற்கிறது என்று கோடு போட்டேன். கீழே இறங்கிய இடங்களில் சிவப்புப் புள்ளி வைத்தேன். மொத்தமே ஒன்பது புள்ளிகள். ஒன்பதுதான் என்று காட்டவே அவளைக் கூப்பிட்டேன். "பாரு, இந்த ஒன்பதைச் சரி பண்ணிட்டா நீ பக்கா" என்று சொன்னேன். அவள் பார்த்தாள். "ஓ" என்றாள். துண்டில் கையைத் துடைத்துக்கொண்டு போனாள். அதற்குப் பிறகு நான்கு வருடம் எங்கள் வீட்டில் யாரும் பாடவில்லை. யாரும் பாடவில்லை என்பதை நான் உன் கடிதம் படித்த பிறகுதான் கவனிக்கிறேன்.

ஏழு மாதமாக ஓர் ஆளைத் தேடிக்கொண்டிருந்தேன். யாரோ ஒருவனைப் பார்க்கத்தான் அந்தத் தெருவுக்குப் போயிருக்கிறாள் என்று நினைத்தேன். செத்துப்போனவளை மனதுக்குள் திட்டியிருக்கிறேன். அவள் போட்டோவைச் சுவர்ப் பக்கம் திருப்பி வைத்திருந்தேன், இரண்டு வாரம். இதை அத்தையிடம் சொல்லாதே. அவள் என்னை ஏமாற்றினாள் என்பது உண்மைதான். எதற்காக என்பது இப்போது தெரிகிறது. என்னைவிட்டு எங்கேயும் போக அவள் ஏமாற்றவில்லை. பாட ஓர் இடம் தேடி ஏமாற்றியிருக்கிறாள். இது முதலில் நினைத்ததைவிட லேசாக இருக்கும் என்று எதிர்பார்த்தேன். லேசாக இல்லை.

தாளில் இரண்டு வரிகள் இருக்கின்றன. பெயர் வரக் கூடாது என்பது, எனக்குத் தெரியக் கூடாது என்பதற்காக. எனக்குத் தெரிந்துவிட்டது. ஆகவே முதல் வரிக்கு இனிமேல் காரணம் இல்லை. எத்தனை முறை யோசித்தாலும் எனக்கு இதே விடைதான் வருகிறது. அவள் பெயர் வர வேண்டும்.

ஆனால் நான் பத்திரிகைக்கு அனுப்பப் போவதில்லை. மறுபடியும் அவள் குரலைக் கோடு போட்டு ஊருக்குக் காட்டுகிறவனாக இருக்க எனக்கு விருப்பம் இல்லை. ஒப்பிட்ட ஃபைல் எல்லாவற்றையும் அழித்துவிட்டேன். மிச்சம் இருந்த ஒரு பிரதி இந்தக் கவரில் இருக்கிறது. நீயே வைத்துக்கொள். விழா முடிந்த பிறகோ, விழாவிலேயோ, உனக்கு எப்போது முடிகிறதோ அப்போது சொல். உன்னை நம்புகிறேன். வேறு யாரிடமும் இதையெல்லாம் நான் எழுதியதில்லை.

அத்தான்

ஆகஸ்ட் 3

அத்தான்,

உங்கள் வீட்டில் டிவி இல்லை, அதனால் யாராவது தப்பும் தவறுமாகச் சொல்வதற்கு முன்னால் நான் எழுதிவிட வேண்டும். இப்போதே ஆளிடம் கொடுத்து அனுப்புகிறேன்.

சொல்லிவிட்டேன். மேடையிலேயே சொல்லிவிட்டேன். "இந்த ஏழு பாட்டும் நான் பாடல. எங்க அக்கா பாடினா. இப்ப அவ இல்ல" என்று. விருதைக் கீழே வைத்தேன். அவள் பெயரைச் சொன்னேன். மூன்று தடவை சொன்னேன். கூட்டம் முழுவதும் எழுந்து நின்றது அத்தான். அம்மா முதல் வரிசையில் உட்கார்ந்து அழுதார். ஆடியோ கம்பெனிக்காரர் அங்கேயே வந்து, நாளையிலிருந்து எல்லாவற்றிலும் பெயர் மாறும் என்று கையடித்துக் கொடுத்தார். நீங்கள் கேட்டது நடந்துவிட்டது.

ஒரு விஷயம் சொல்ல வேண்டும்.

விழாவுக்கு இரண்டு நாள் முன்னால் மேனேஜரிடம் சொன்னேன், இப்படிச் சொல்லப்போகிறேன் என்று. அவர் குதிப்பார் என்று பார்த்தேன். குதிக்கவில்லை. உட்கார்ந்து யோசித்துவிட்டுச் சொன்னார், "சொல்லுங்க மேடம். ஆனா ஏன் மறைச்சீங்கன்னு அடுத்த கேள்வி வரும். ஒண்ணு நீங்க திருடி. இல்லன்னா மறைக்க வெச்ச ஆள் ஒருத்தர் இருக்கணும்." உங்கள் கடிதம் என் பையில் இருந்தது.

படித்தேன் அத்தான். மேடையில். முழுவதும் இல்லை, அந்த ஒன்பது புள்ளி வருகிற இடம் மட்டும். போட்டோவைத் திருப்பி வைத்ததைப் படிக்கவில்லை, அந்த அளவுக்கு நான் கெட்டவள் இல்லை. படிக்கும்போது ஒரு வரி சேர்ந்துவிட்டது. "இனிமேல் பாடாதே என்று சொன்னேன்" என்று. நீங்கள் அப்படி எழுதவில்லை, எனக்குத் தெரியும். ஆனால் வெறும் புள்ளி, கோடு என்றால் கூட்டத்துக்குப் புரியாது. ஒரு கம்ப்யூட்டரைத் திருப்பிக் காட்டியதற்காக ஒருத்தி நாலு வருடம் வாயை மூடிக்கொண்டாள் என்றால் யார் நம்புவார்கள்? பாடக் கூடாது என்று புருஷன் சொன்னான் என்றால் எல்லோருக்கும் ஒரே நொடியில் புரிகிறது. பலன் ஒன்றுதானே?

இன்று காலையில் ஒரு டைரக்டர் வந்தார். அக்கா கதையைப் படமாக எடுக்கப் போகிறார்கள். அக்காவாக நான் நடிக்கிறேன். முதல் தடவையாக எனக்கு உண்மையான ஒரு வேஷம். உங்கள் பாத்திரத்துக்கு ஆள் பார்க்கிறார்கள், மரியாதையாகத்தான் காட்டுவார்கள், நான் பார்த்துக்கொள்கிறேன். கணவர் என்கிற முறையில் உங்கள் சம்மதம் வேண்டுமாம், தாள் அனுப்பியிருக்கிறேன்.

உங்களிடம் நிருபர்கள் வருவார்கள். நீங்கள் இல்லை என்று சொன்னால் என்னை ஒன்றும் செய்யாது. ஆனால் அக்கா தங்கைச் சண்டை, சொத்துச் சண்டை, எல்லாமே நாடகம் என்று எழுத ஆரம்பிப்பார்கள். பாடினது அவளா என்பதையே மறுபடியும் கேட்பார்கள். உங்களிடம் ஃபைலும் இல்லை. யோசித்துப் பேசுங்கள்.

அவள் பெயருக்காகத்தான் செய்தேன். கொஞ்சம் எனக்காகவும்.

சின்னவள்

ஆகஸ்ட் 19

உனக்கு,

கிளினிக்கில் போன வாரம் இரண்டு பேர் வேறு ஆளிடம் பரிசோதனை செய்துகொள்கிறோம் என்று சொல்லிவிட்டார்கள். ஓர் அம்மா உள்ளே வந்து உட்கார்ந்து, என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "உன் கை என் காதுல பட வேணாம்ப்பா" என்று எழுந்து போனார். டாக்டர் நல்லவர். கொஞ்ச நாள் பின்னறையில் மெஷின் ரிப்பேர் மட்டும் பார்க்கச் சொல்லியிருக்கிறார். அத்தை போன் செய்தார். என் குரல் கேட்டதும் வைத்துவிட்டார். நீ படித்துக் காட்டியதை அவர் நம்புகிறார். நம்பத்தான் செய்வார், என் கையெழுத்து ஆயிற்றே.

நிருபர் ஒருவர் பதினேழாம் தேதி வந்தார். இளைஞர். நல்ல மரியாதை. செருப்பை வெளியே கழற்றிவிட்டு வந்தார். ஒரே ஒரு கேள்விதான் என்றார்.

"நீங்க பாட வேண்டாம்னு சொன்னது உண்மையா?"

பின்னறையில் ஸ்டூல் ஒன்று இருந்தது, அவரை உட்காரச் சொன்னேன். தண்ணீர் கொடுத்தேன். உன் கடிதத்தில் நீ எழுதியிருந்த கணக்கு சரிதான். அதில் தப்புக் கண்டுபிடிக்க இரண்டு வாரமாகப் பார்த்தேன், கிடைக்கவில்லை. நான் 'இல்லை' என்று சொன்னால் உன் வார்த்தை பொய்யாகும். உன் ஒரு வார்த்தை பொய் என்றால் மற்றதும் பொய்யாக இருக்கலாம் என்பார்கள். அவள் பாடினாள் என்பதற்கு ஊர் அறிந்த சாட்சி நீ ஒருத்திதான். அந்தச் சாட்சியை நான் உடைக்க முடியாது. பிரதியை உன்னிடம் கொடுத்தவனும் நான்தான், மறுபடி அவள் குரலைக் கோடு போட்டுக் காட்ட மாட்டேன் என்று எழுதியவனும் நான்தான். நீ சொல்லிக்கொடுத்து மேனேஜர் செய்தாரா, மேனேஜர் சொல்லிக்கொடுத்து நீ செய்தாயா என்று தெரியவில்லை. தெரிந்து ஒன்றும் ஆகப்போவதில்லை.

நான் அவளிடம் பாடாதே என்று சொன்னதே இல்லை. இதை இந்தத் தாளில் மட்டும் எழுதிக்கொள்கிறேன். இதை நீ எந்த மேடையிலும் படிக்கப் போவதில்லை என்பதால் பயமில்லாமல் எழுதலாம்.

"ஆமா," என்றேன். "சொன்னேன்."

"ஏன் சார்?"

"தெரியல தம்பி. எனக்குப் பாட்டு தெரியாது."

அவர் எழுதிக்கொண்டார். போகும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

இனி அது உண்மை. நான் செத்த பிறகும் அப்படித்தான் இருக்கும். அவள் பெயர் ஒரு பக்கம், அதற்குக் கீழே நான். இதற்குச் சம்மதித்துத்தான் சொன்னேன். உனக்காகச் சொன்னேன் என்று நினைத்துக்கொள்ளாதே.

படத்துக்கு அனுப்பிய தாளில் கையெழுத்துப் போடவில்லை. கிழிக்கவும் இல்லை, இத்துடன் வைத்திருக்கிறேன். ஒருமுறை பொய்க்கு ஆமாம் சொல்லியாயிற்று. அதை ஓர் ஆள் நடித்துக் காட்டவும், அவளாக நீ எதிரில் நின்று அழவும் நான் ஆமாம் சொல்ல மாட்டேன். நீ என் சம்மதம் இல்லாமலும் எடுப்பாய். எடு. எனக்கு எழுதாதே. வருகிற கடிதத்தைப் பிரிக்காமல் திருப்பிவிடுவேன்.

நேற்று பின்னறையில் ஒரு மெஷினைத் திறந்து வைத்திருந்தேன். பக்கத்துக் கட்டடத்தில் பெயிண்ட் அடிக்கிறவர்கள் சாரத்தில் ரேடியோவைக் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்கள். முதல் பாட்டு வந்தது. பாடியவர் என்று சொல்லி அவள் பெயரைச் சொன்னார்கள். யாருடைய அக்கா என்று சொல்லவில்லை. யாருடைய மனைவி என்றும் சொல்லவில்லை. பெயரை மட்டும் சொன்னார்கள். ஸ்க்ரூ டிரைவரைக் கீழே வைத்துவிட்டு ஜன்னலுக்குப் போனேன். சாரத்தில் இருந்த ஒருவர் பிரஷ்ஷை நிறுத்திவிட்டு, "இதுக்குச் சத்தத்தைக் கூட்டுடா" என்று கீழே இருந்தவரிடம் சொன்னார். கூட்டினார்கள். நானும் நின்று கடைசிவரை கேட்டேன்.